சமையலறையில் விழுந்ததாகச் சொன்ன கமலா

இன்று லுக்குட் ஊருக்குப் போகும் பேருந்தில் என் பழைய மாணவி கமலா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். செம்பனைத் தோட்டத்தில் வேலை. வலது கையைத் தூக்க முடியவில்லை.

"என்னம்மா ஆச்சு?"

"வேலையில மட்டை விழுந்துருச்சி சார், தோள் மேல. கிளினிக்ல சமையக்கட்டுல வழுக்குனதா சொல்லிட்டேன்."

"ஏன்?"

"எங்கள வேலை வாங்குற மண்டோர் எங்க அக்கா வீட்டுக்காரரு. மாமாவுக்கு மேலேருந்து ஏச்சு விழுமேன்னுதான்லா."

வேலையில் பட்ட காயம் என்று உறுதியானால்தான் தொழிலாளர் காப்புறுதியில் அவள் தோளுக்குச் சிகிச்சை கிடைக்குமாம். பார்த்தவர் எழுதித் தர வேண்டும். பார்த்தவர் மாமா ஒருவர்தான்.

"என் தலைய நானே பின்னிக்கணும் சார், அது போதும். எங்க வீட்டுக்காரரு பின்னுனா கயிறு திரிச்ச மாதிரி இருக்கு."

சிரித்தாள்.

எனக்குச் சுருக்கென்றது. விடுமுறைக் கடிதம் எழுத அவளுக்குக் கற்றுக்கொடுத்தவன் நான். ஆற்றில் வெள்ளம் வந்தாலும், அக்காவுக்குக் கல்யாணம் என்றாலும், என் கரும்பலகையில் இருந்த காரணம் 'காய்ச்சல்' மட்டுமே.

அவளோடு நானும் இறங்கினேன். மாமா மோட்டார் சைக்கிளில் காத்திருந்தார். விஷயத்தைச் சொன்னேன். ஹெல்மெட்டைக் கழற்றி வண்டியில் மாட்டினார்.

"எனக்கு எழுத வராது. சார் எழுதுங்க, நான் கையெழுத்துப் போடுறேன்."

நடந்ததை நடந்தபடியே எழுதினேன். கமலா தன் கையால் பின்னிய சடையோடு வந்து நிற்பதைப் பார்க்க ஆசையாக இருக்கிறது.

என்னிடம் படித்தவர்களே, உங்களில் யாருக்காவது உண்மையிலேயே காய்ச்சல் வந்ததா?