மரத்தில் அறைந்த பேய்கள்

ருவான்வெல்லைப் பக்கம் ஒரு தோட்டத்தில், ரப்பர் பாலில் அசிட் ஊற்றி உறைய வைக்கும் ஸ்டோரில் என் மகள் செல்விக்கு வேலை. சேர்ந்ததிலிருந்து அவளுக்கு மூச்சு வாங்கியது. ஒருநாள் அங்கேயே மயங்கி விழுந்தாள்.

"காத்து சேட்டை, கோடாங்கிகிட்ட காட்டு" என்றார் கணக்கப்பிள்ளை. சும்மாவே பயப்படுகிறவள் நான். அவளைக் கூட்டிக்கொண்டு ஓடினேன்.

பேய் பிடித்தவர்களின் முடியை வெட்டிப் பலாமரத்தில் ஆணியால் அறைந்துவிடுவார் கோடாங்கி. மரம் முழுக்க முடி. ஒவ்வொன்றாகத் தொட்டுப் பெருமையடித்தார்.

"இது பாக்கியத்த புடிச்ச முனி. இது ராணியோட மோகினி. இது மேரிக்கு மூச்ச அடச்ச காட்டேரி."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. மூவரும் அதே ஸ்டோரில் வேலை செய்தவர்கள்.

"ஏன் சாமி, ஒங்க பேய்ங்க அசிட் ஊத்துறவங்களத்தான் புடிக்குமா? தொரைய புடிக்காதா?"

"எகத்தாளமா? ஒம் மக ரத்தம் கக்குவா, பாரு!"

"அதுக்கு முந்தி ஆஸ்பத்திரிக்குப் போறோம். எந்திரிடி செல்வி!"

நெஞ்சைச் சோதித்த டாக்டர், அசிட் புகைதான் காரணம் என்று சிங்களத்தில் சொன்னார். மகள் பிழைத்தாள். ஸ்டோருக்கு நான் அவளை மறுபடி அனுப்பவில்லை.

இன்றும் யாருக்காவது பேய் பிடித்ததாகச் சொன்னால் எனக்குப் பயம் வருவதில்லை, ஆத்திரம்தான் வருகிறது. அந்தப் பிள்ளை எங்கே வேலை செய்கிறது என்றுதான் முதலில் கேட்கிறேன்.