தளர்த்திக் கட்டிய வார்

மலேசியாவில், தம்போயில் எங்கள் ஜிம்முக்கு வரும் சுகுமாறன் அண்ணனுக்குப் போலியோவில் கால்கள் சூம்பிப்போனவை. பெஞ்சில் படுத்துத்தான் எடை தூக்குவார். உடம்பு நழுவாமலிருக்க, கால்களை வாரால் பெஞ்சோடு இறுக்கிக் கட்ட வேண்டும். மூவார் நகரில் நடந்த எடைதூக்கும் போட்டியில் அது என் வேலை. அந்தக் குச்சிக் கால்களைத் தொட்டதும் எனக்கு இறுக்க மனசு வரவில்லை. தளர்த்திக் கட்டினேன். பாதித் தூக்கலில் இடுப்பு நழுவியது; செல்லாது என்றார்கள் நடுவர்கள். மிச்சம் ஒரே வாய்ப்பு.

"வலிக்குமேன்னு லூசா கட்டிட்டேண்ணே."

"அலமாக்! வலிக்குதுன்னு நான் சொன்னேனா? இறுக்கு லா!"

பல்லைக் கடித்துக்கொண்டு இறுக்கினேன். தூக்கிவிட்டார்.

வாரை அவிழ்த்தால் காலில் சிவப்பாகத் தடம். தடவப் போன கையைத் திருப்பி அவரிடம் நீட்டினேன். அவர் குலுக்கியதில் என் விரல்கள் நொறுங்கிவிடும்போல் இருந்தது. இத்தனை நாளும் நான் அவருடைய கால்களையே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.