ஆர்த்திகா என்று நான் போட்ட பெயர்

மலேசியாவின் பேராக்கில் இருளாயி டிவிக்கு எழுதிய பொம்மை நிகழ்ச்சியைப் பார்க்காமல் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகள் குறைவு. அவளைத் தெரிந்தவர்கள் அதைவிடக் குறைவு. அதற்கு நானும் ஒரு காரணம். ஈப்போவில் ஒரு கடைவீட்டு மாடியில் இருந்த தயாரிப்பு நிறுவனத்தில் நான் எடிட்டர். நிகழ்ச்சி முடிந்ததும் ஓடும் பெயர்களைத் தட்டியதும் நான்தான்.

கோலா கங்சார் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பிறந்தவள் அவள். அப்பா சின்னையா பால்மரம் சீவினார். தோட்டத்து இருளாயி அம்மன் கோயிலுக்குப் பூசாரியும் அவரே. முதலில் பிறந்த பிள்ளைகள் இரண்டும் தங்கவில்லை. மூன்றாவது பிழைத்தால் உன் பெயரையே வைக்கிறேன் என்று அம்மனிடம் வேண்டிக்கொண்டார். பிழைத்தாள், வைத்தார். பிறகு தோட்டத்தை வீடமைப்புக்கு விற்றார்கள். லயத்து வீடுகளோடு கோயிலையும் இடித்தார்கள். சின்னையா ஈப்போவில் ஓர் அடுக்குமாடி வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அம்மன் பெயரில் அவருக்கு மிச்சம் இருந்தது மகள் மட்டும்தான்.

பாலர் பள்ளியில் ஆசிரியையாக இருந்தவள் எங்களிடம் எழுத வந்தாள். ரப்பர் மரப் பொந்தில் குடியிருக்கும் ஒரு மூசாங், அதாவது மரநாய், அதற்கு வாய் மட்டும் எட்டு ஊருக்குக் கேட்கும். முதல் கதையைப் படித்துவிட்டு நானே வயிறு வலிக்கச் சிரித்தேன்.

முதல் பகுதியின் பெயர்ப் பட்டியலைத் தயாரிப்பாளர் மகேந்திரன் பார்த்தார். முகம் சுளித்தார்.

“இருளாயியா? அசல் எஸ்டேட் பேரு லா. சின்னப் பிள்ளைங்க ஷோவுக்கு சுசா, சரிப்படாது. ஆர்த்திகான்னு போடு, தர்மா.”

அவள் என் நாற்காலிக்குப் பின்னால்தான் நின்றாள். அவர் சொன்னபடியே போட்டேன்.

“அண்ணே, அடுத்த வாரம் மாத்திரலாம்தானே?” என்று மெதுவாகக் கேட்டாள்.

“மாத்திரலாம் லா,” என்றேன். வடிகட்டின பொய்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சின்னையா அக்கம்பக்கத்து ஆட்களையெல்லாம் கூப்பிட்டு உட்காரவைத்து டிவி போட்டிருக்கிறார். நிகழ்ச்சி முடிந்து பெயர்கள் ஓடின. இவள் பெயர் வரவில்லை. ‘யாரும்மா அது ஆர்த்திகா?’ என்று கேட்டாராம். ‘நான்தாம்பா. நானாத்தான் மாத்திக்கிட்டேன்,’ என்றாளாம் இவள்.

திங்கட்கிழமை அவள் இதைச் சொன்னபோது எனக்குச் சுருக்கென்றது. “ஏன் பொய் சொன்ன? மகேந்திரன்தான் மாத்துனாருன்னு சொல்ல வேண்டியதுதானே?”

“எப்படிண்ணே சொல்றது? ஆத்தா பேரு டிவிக்கு லாயக்கு இல்லையாம்னா? கோயில இடிச்சப்பவே பாதி செத்துட்டாரு. என்மேல கோவப்பட்டுட்டுப் போகட்டும்.”

சின்னையா கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை. அன்றோடு மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதை நிறுத்திவிட்டார். ‘இந்தாம்மா’ என்பார், அவ்வளவுதான். ஞாயிறு காலையில் நிகழ்ச்சி தொடங்கினால் எழுந்து வெளியே போய் நின்றுகொள்வார்.

பதினோரு வருஷம் எழுதினாள். ஒவ்வொரு வருஷமும் மகேந்திரனிடம் பெயரைக் கேட்டாள். ‘ஆர்த்திகான்னாத்தான் எல்லாருக்கும் தெரியும், இப்பப் போயி மாத்தச் சொல்றியே,’ என்பார். ஒரு தடவை, “அவரக் கேக்காம நீங்களே போட்டுருங்கண்ணே, அப்பா ஒரு தடவ பார்த்தாப் போதும்,” என்று என்னிடம் கெஞ்சினாள். என் வேலை போய்விடும் என்று மழுப்பினேன். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்கு என்மேலேயே ஆத்திரம் வருகிறது.

போன வருஷம் நிகழ்ச்சியை நிறுத்தினார்கள். இனி மறைக்க என்ன இருக்கிறது, அப்பாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடப் போகிறேன் என்றாள். அவள் சொல்வதற்குள், அந்த வாரமே அவருக்குப் பக்கவாதம். பத்து நாள் ஆஸ்பத்திரியில் நினைவில்லாமல் கிடந்து போய்ச் சேர்ந்தார்.

துக்கத்துக்குப் போயிருந்தேன். அவள் தம்பி தனேஷ் தமிழ்ப் பத்திரிகையோடு வந்தான். மரண அறிவிப்பில், மகள் என்ற இடத்தில் ‘ஆர்த்திகா’ என்று இருந்தது.

“யாருடா இப்படிக் கொடுத்தது?” என்று பாய்ந்தேன்.

“அப்பா சொன்னதுதாண்ணே. நல்லா இருக்கும்போதே சொல்லி வச்சாரு. ‘நான் போனா பேப்பர்ல அக்காளுக்குப் புடிச்ச பேரையே போடுடா. அவ பேர வேணாம்னதுக்கு நான் ஆத்தாகிட்ட மன்னிப்புக் கேட்டுட்டேன்’னாரு.”

இருளாயி பத்திரிகையை வாங்கிப் பார்த்தாள்.

“நான் வேணாம்னு சொல்லவே இல்லப்பா,” என்று சவப்பெட்டியில் கிடந்தவரின் தோளைப் பிடித்து உலுக்கினாள். நாங்கள் மூன்று பேர் சேர்ந்துதான் அவளை விலக்க முடிந்தது.