நாலு வரிக்கு ஒன்பது டிக்கெட்

2024 ஜூன் 9, ஞாயிற்றுக்கிழமை, காலை எட்டு மணி நாற்பது நிமிடம். இரவு பெய்த மழை நின்றிருந்தது. ஆனால் வானம் மூடியே கிடந்தது, காற்று துளியும் இல்லை, சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. ஐதராபாத் ஏ.எஸ்.ராவ் நகர் கடைத்தெருவில் தேங்கிய தண்ணீரைத் தாண்டி நானும் என் பேத்தியும் ஆட்டோ ஏறினோம். படம் ஒன்பதரைக்கு. வழியில் மூன்று சிக்னல், மூன்றிலும் சிவப்பு. நேரத்துக்குப் போய்ச் சேரமாட்டோம் என்று நான் சொல்லிக்கொண்டே வந்தேன். ஒன்பது ஆவதற்கு ஒரு நிமிடம் இருக்கும்போதே போய்ச் சேர்ந்தோம்.

அது ஒரு கார்ட்டூன் படம். பழைய ஆங்கிலச் சிறுவர் புத்தகம் ஒன்றிலிருந்து எடுத்தது. ஆற்றங்கரை மாவு மில்லில் குடியிருக்கும் எலிக்குடும்பம் வெள்ளத்தில் வீட்டை இழந்து, மேட்டு நிலம் தேடிப் போகிற கதை. எட்டாவது படிக்கும்போது ரயில்வே இன்ஸ்டிடியூட் நூலகத்தில் எடுத்து நான் அதைப் படித்திருக்கிறேன். புத்தகத்தில் எலிகள் அதிகம் பேசாது. படத்தில் பத்து நிமிடத்துக்கு ஒரு பாட்டுப் பாடுகின்றன.

அதில் ஒரு பாட்டில், எலிக்குட்டிகளிலேயே கடைசிக் குட்டி தனியாக நாலு வரி பாடும். தமிழ்ப் பதிப்பில் அந்த நாலு வரியைப் பாடியது என் பேத்தி.

அவளுக்கு ஒன்பது வயது. தமிழ் நன்றாகப் புரியும். நான் தமிழில் கேட்டால் தெலுங்கில் பதில் சொல்வாள், கோபம் வந்தால் ஆங்கிலத்தில். டப்பிங் வேலையெல்லாம் இங்கே ஐதராபாத்திலேயே நடந்ததால், தமிழ்க் குழந்தைக் குரல் வேண்டும் என்று என் மகனின் நண்பர் மூலம் சொல்லி அனுப்பினார்கள். பிப்ரவரியில் நான்தான் ஸ்டுடியோவுக்குக் கூட்டிப்போனேன். வரிகளை ஆங்கில எழுத்தில் எழுதிக் கொடுத்தார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் நின்று பாடினாள். இந்தப் பக்கம் எனக்குச் சத்தம் வரவில்லை, வாய் அசைவதுதான் தெரிந்தது. ஒரு மணி நேரம் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். வீட்டுக்கு வந்து, "எனக்கு ஒரு தடவை பாடிக் காட்டு கண்ணு" என்று கேட்டேன். "மூவீலோ வினு தாத்தா" என்றாள். படத்தில் கேளு என்கிறாள். நாலு மாதம் கேட்டுப் பார்த்தேன், அதே பதில்தான். அவள் வாயிலிருந்து தமிழ் முழுதாக நாலு வரி வந்து நான் கேட்டதே இல்லை.

படம் தெலுங்கில் ஊர் முழுக்க ஓடியது. தமிழில் ஒரே அரங்கு, ஒரே நாள், ஒரே காட்சி. மகன் வேலையாகப் புனே போயிருந்தான். மருமகளுக்கு மாதக் கடைசிக் கணக்கு இன்னும் முடியவில்லை. அதனால் நாங்கள் இரண்டு பேர்தான்.

கவுண்டரில் சொன்னார்கள், எங்களோடு சேர்த்து மொத்தம் ஐந்து டிக்கெட்தான் போயிருக்கிறதாம். பன்னிரண்டு பேருக்குக் குறைந்தால் காட்சி ரத்து, பணம் திருப்பித் தந்துவிடுவார்களாம். மேலாளரைக் கூப்பிடச் சொன்னேன். முப்பது வயது இருக்கும், சித்தூர்ப் பக்கத்துப் பையன், தமிழ் வரும்.

"என் கையில எதுவும் இல்ல சார். ரூல் சார்."

"அஞ்சு பேரும் மனுஷங்கதானே தம்பி?"

"பன்னெண்டு இருந்தா போட்டுடுவேன் சார். நான் என்ன வேணாம்னா சொல்றேன்?"

ஏழு டிக்கெட் குறைந்தது. ஏழையும் நானே வாங்கினேன். தலைக்கு இருநூற்றிருபது. காட்சி நிச்சயம் ஆகிவிட்டது. அதோடு நான் சும்மா இருந்திருக்க வேண்டும்.

ஆனால் ஏழு டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு என்னால் சும்மா இருக்க முடியவில்லை. பாலாநகர் தொழிற்சாலையில் முப்பத்தைந்து வருடம் சரக்கைச் சரிபார்க்கும் ஆய்வுப் பிரிவில் இருந்தவன். ஒரு பெட்டியில் பன்னிரண்டு என்று எழுதியிருந்தால் உள்ளே பன்னிரண்டு இருக்க வேண்டும். தவிர, காலி நாற்காலிகளுக்கு நடுவே இந்தக் குழந்தையின் குரல் வரக்கூடாது என்றும் தோன்றியது. எங்கள் தமிழ்ச் சங்க வாட்ஸப் குழுவில் இருநூற்றுப் பதினோரு பேர். "தமிழ்ப் படம், என் பேத்தி பாடியிருக்கிறாள், ஏழு டிக்கெட் இலவசம், உடனே வரவும்" என்று போட்டேன். ஒரு நிமிடத்துக்குள் பதில்கள் வரத் தொடங்கின. கைகூப்பிய படம் ஒன்பது. "வாழ்த்துகள் ஐயா" ஆறு. ஒரு முருகன் படம். லோத்குண்டாவிலிருந்து ஒருவர், "அடுத்த ஞாயிறு இருக்கா சார்? இன்னிக்கு வீட்ல கறி" என்று எழுதினார். இன்னொருவர், "பார்க்கிங் காசு யார் தருவா?" என்று கேட்டு, பக்கத்தில் சிரிக்கும் முகம் போட்டார். ஒருவரும் வரவில்லை.

அப்போது கவுண்டரில் ஒரு தெலுங்குக் குடும்பம் நின்றுகொண்டிருந்தது. அண்ணன் தம்பி இருவர், அவர்கள் மனைவிமார், மூன்று குழந்தைகள். இதே படம், தெலுங்கு அரங்கு நிறைந்துவிட்டது. குழந்தைகள் முகம் தொங்கிப் போயிருந்தது. எண்ணிப் பார்த்தேன், சரியாக ஏழு பேர். டிக்கெட்டை நீட்டினேன்.

அண்ணன்காரர் சந்தேகமாகப் பார்த்தார். "அங்கிள், ஃப்ரீ மே கைக்கு தே ரஹே?" சும்மா எதற்குத் தருகிறீர்கள் என்று கேட்கிறார்.

என் பேத்தி பாடிய படம், தமிழில் ஓடும், படம்தானே, குழந்தைகளுக்கு மொழி எதற்கு என்று இந்தியில் சொன்னேன். அவர் அவளைப் பார்த்தார். அவள் என் பின்னால் ஒளிந்துகொண்டாள். அவர் சிரித்து, "ஹவ் அங்கிள், சலோ" என்று சரி சொல்லி வாங்கிக்கொண்டார்.

உள்ளே பன்னிரண்டு பேர். கோவையிலிருந்து வந்து கணினி வேலை பார்க்கும் இளம் தம்பதி, தனியாக வந்த ஒரு பையன், அந்த ஏழு பேர், நாங்கள். எனக்கு நிறைவாக இருந்தது. அது இருபது நிமிடம் நீடித்தது.

எலிகள் தமிழில் பேசப் பேச, முன்வரிசையில் அந்தக் குழந்தைகள், "நான்னா, ஏமண்டோந்தி?" என்று கேட்க ஆரம்பித்தார்கள். என்ன சொல்கிறது என்று அப்பாவைக் கேட்கிறார்கள். அப்பாவுக்கும் தெரியவில்லை. சின்னவன் அழுதான். நான் வெளியே போய் இரண்டு பெரிய டப்பா பாப்கார்ன் வாங்கி வந்து கொடுத்தேன். வாயை மூடிக்கொண்டு தின்றார்கள். தின்று முடித்ததும் மறுபடி அழுகை. தம்பிக்காரர் எழுந்து வெளியே போனார்.

இடைவேளையில் விளக்கு போட்டதும் மேலாளர் வந்து நின்றார். என் முகத்தைப் பார்க்காமல் பேசினார்.

"சார், இவங்க ஏழு பேரும் தெலுங்குல போடச் சொல்றாங்க. இல்லேன்னா கம்ப்ளைன்ட் எழுதுறாங்களாம். தெலுங்கு ஹால்ல சீட் இல்ல. ஃபைல் எங்ககிட்ட இருக்கு. செகண்ட் ஆஃப் தெலுங்குல போட்டுடறேன் சார்."

"தம்பி, பாட்டு செகண்ட் ஆஃப்லதான் வருது. ஒன்பது டிக்கெட் நான் வாங்கியிருக்கேன்."

"அதுல ஏழு டிக்கெட்ட நீங்க குடுத்துட்டீங்களே சார். சீட் இப்ப அவங்களுது."

மற்ற மூவரைப் பார்த்தேன். கோவைக்காரர், "எங்களுக்கு எதுனாலும் ஓகேங்க சார்" என்றார். அவர் மனைவி, "நீங்க சும்மா இருங்க, பெரியவரு கேக்கறாருல்ல" என்று அவரைக் கிள்ளினாள். தனியாக வந்த பையன் ஏற்கெனவே போய்விட்டிருந்தான். எப்படி எண்ணினாலும் ஏழுக்கு நான் தோற்றேன். அண்ணன்காரர் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டு, "சாரி அங்கிள், பச்சே ஹை நா" என்றார். குழந்தைகள்தானே என்கிறார். அவர் நல்லவர். நான் அப்போது கொஞ்சம் உரக்கப் பேசிவிட்டேன்.

என் பேத்தி சட்டையை இழுத்தாள். "அரவகு தாத்தா." கத்தாதே என்கிறாள். கண்ணில் நீர் நின்றது. அது பாட்டுக்காகவா, நான் கத்தியதற்காகவா என்று தெரியவில்லை. உட்கார்ந்தேன்.

தெலுங்கில் பாட்டு வந்தது. வெள்ளத்தில் ஒரு மரப்பலகை மேல் எலிக்குடும்பம், கடைசிக் குட்டி தனியே எழுந்து நிற்கிறது. யாரோ ஒரு குழந்தை பாடியது. நன்றாகவே பாடியது. முன்வரிசைக் குழந்தைகள் கைதட்டினார்கள். என் பேத்தி என் காதருகே, "அது யாரு தாத்தா?" என்று தமிழில் கேட்டாள். தெரியாது என்றேன்.

படம் முடிந்ததும் மேலாளரைத் தேடிப் போனேன். அந்தப் பாட்டை மட்டும் தமிழில் ஒரு தடவை போடச் சொல்லி, இந்தத் தடவை மெதுவாகத்தான் கேட்டேன். அடுத்த காட்சிக்குக் கால் மணி நேரம் இருந்தது, அரங்கைப் பெருக்க வேண்டிய நேரம். அவர் பேத்தியைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார், மேலே போய் ஆப்பரேட்டரிடம் சொன்னார்.

விளக்குகள் முழுதும் எரிய, இரண்டு பெண்கள் வரிசைக்கு வரிசை பாப்கார்ன் பெருக்க, தமிழ்ப் படம் மறுபடி ஓடியது. முதலில் பாட்டைத் தாண்டிப் போட்டார்கள். பின்னுக்குத் தள்ளியதில் பாட்டுக்கு வெகுநேரம் முந்தின இடத்துக்குப் போய்விட்டது. பாட்டு எங்கே இருக்கிறது என்று எனக்கும் சொல்லத் தெரியவில்லை. மூன்றாவது தடவை சரியாக வந்தது. மரப்பலகை. எலிகள் எல்லாம் சேர்ந்து தமிழில் பாடின. பேத்தி ஓடிப்போய்த் திரைக்கு அடியில் நின்றாள். நான் எஃப் வரிசையில் நின்றேன்.

அப்போது அடுத்த காட்சிக்காரர்களை உள்ளே விட்டுவிட்டார்கள். நாற்காலிகள் படபடவென்று விரிந்தன. ஒரு பெரியவர் என் தோளைத் தட்டி, டிக்கெட்டைக் காட்டி, பதினான்காம் எண் எங்கே என்று கேட்டார். என்னைவிட வயதானவர், கையில் தடி. நான் ஓரத்திலிருந்து எண்ணிக் காட்டினேன். பதினொன்று, பன்னிரண்டு, பதிமூன்று, இதுதான். அவர் நன்றி சொல்லி உட்கார்ந்தார். நிமிர்ந்து பார்த்தேன். நாலு வரியும் முடிந்து கடைசிக் குட்டி உட்கார்ந்துகொண்டிருந்தது, மற்ற எலிகள் பாடத் தொடங்கியிருந்தன.

திரை அணைந்தது. பேத்தி நாற்காலிகளுக்கு நடுவே ஓடி வந்தாள். முகம் முழுக்கச் சிரிப்பு.

"கேட்டியா தாத்தா? எப்பிடி இருந்துச்சு?"

தமிழிலேயே கேட்டாள். ஆட்கள் இடித்துக்கொண்டு போனார்கள். நல்லா இருந்துச்சு கண்ணு என்றேன். எந்த வரி பிடித்தது என்று கேட்டாள். எல்லா வரியும் என்றேன். கொஞ்ச நேரம் என்னையே பார்த்தாள். பிறகு என் கையை விட்டுவிட்டு முன்னால் நடந்தாள்.

அந்தப் படம் பின்னால் ஓடிடியில் வந்தது. மகன் போட்டுப் பார்த்தான். தெலுங்கு, இந்தி, ஆங்கிலம் இருந்தன, தமிழ் இல்லை. அவளிடம் பாடச் சொல்லிக் கேட்க இப்போது எனக்கு வழியும் இல்லை. நான்தான் கேட்டுவிட்டேனே.

டிக்கெட் ஒன்பது, பாப்கார்ன் இரண்டு, போக வர ஆட்டோ, பெருக்கிய பெண்களுக்கு ஆளுக்கு நூறு, எல்லாம் சேர்த்து மூவாயிரத்துத் தொண்ணூறு ரூபாய்.