மலையடித் தோப்பில் பஸ் நின்றது

செஞ்சிக் கோட்டையில் கிருஷ்ணகிரி மலையின் அடிவாரத்தில், திருவண்ணாமலை சாலையை ஒட்டி இருக்கிறது எங்கள் தோப்பு. செஞ்சிக் கடைவீதிக்காரர்கள் அதை ஓர் ஊராகவே கணக்கில் எடுப்பதில்லை. ராஜா காலத்தில் அது அரண்மனைத் தோட்டம் என்று சொல்வார்கள். உண்மையோ பொய்யோ, வீட்டுக்குக் கடைக்கால் தோண்டினால் பழைய செங்கல் வரும். அதைக் கழுவி வைத்தே சுவர் எழுப்பினோம். எங்கள் சமையலறையில் பாதி ராஜாவுடையது.

எங்களிடம் என்ன இல்லை? கோடையிலும் வற்றாத படிக்கிணறு இருந்தது. கடைவீதிக்கு வந்த கொஞ்ச நாளிலேயே எங்களுக்கும் கரண்டு வந்தது. நான் அகரம் எழுதிய ஓராசிரியர் பள்ளி இருந்தது. எல்லாவற்றுக்கும் மேலே புளியும் புங்கமும் வேம்பும் கூரை போட்டதுபோல் நின்றன. சித்திரையில் கூட எங்கள் தெருவில் செருப்பில்லாமல் நடக்கலாம். பஸ் மட்டும் எங்களிடம் நிற்காது.

எஸ்.எஸ்.எல்.சி. தேறினேன். எங்கள் குடும்பத்தில் கையெழுத்துப் போடத் தெரிந்த முதல் ஆள் நான்தான். திண்டிவனத்தில் ஆசிரியப் பயிற்சிக்கு இடமும் கிடைத்தது. அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவேன்; அவருக்குக் கல் உடைக்கும் வேலை. விடியும் முன்பே கிளம்பிவிடுவார். இருட்டில் செஞ்சி பஸ் நிலையம் வரை கோட்டைப் புதர்களுக்கு நடுவே என்னைத் தனியாக அனுப்ப அவருக்கு மனமில்லை. ஹாஸ்டலும் வேண்டாம் என்றார்.

"பஸ்ஸு இங்க நின்னா போ. நிக்கலன்னா இத்தோட போதும்மா" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால் சண்டை போட்டிருப்பேன். கெஞ்சுவதுபோல் சொன்னார்.

எங்கள் பள்ளி வாத்தியார் பஸ் முதலாளியிடம் பேசினார். அந்த வாரம் மதிய வண்டியில் செக்கர் ஒருவர் வருவார், ஆட்கள் காத்திருப்பதைப் பார்த்தால் நிறுத்தம் தருவோம் என்று பதில் வந்தது. தோப்பே திரண்டது. முருங்கையும் எலுமிச்சையும் செஞ்சிக்குச் சுமந்துபோய் விற்கும் பெண்கள் கூடைகளோடு வந்தார்கள். ஆனால் பஸ் வேகத்தைக் கூடக் குறைக்காமல் போனது. மறுநாளும் அப்படியே. ஏழைகள் என்று இளக்காரம் என்றாள் பெரியம்மா. நானும் அப்படித்தான் நம்பினேன்.

அதற்கடுத்த நாள் மேற்கே சித்தி ஊருக்குப் போகவேண்டியிருந்தது. திரும்பும்போது அதே மதிய வண்டியில் ஏறினேன். முன் சீட்டில் செக்கர். தோப்பு நெருங்கியதும் அவர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து, கண்டக்டரிடம் சொன்னார்: "கொரங்கத் தவிர இங்க எவன் ஏறப் போறான்? நாளைக்கும் ஒரு தடவ பாத்துட்டு முடிச்சிடலாம்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நானும் எட்டிப் பார்த்தேன். மரங்கள்தான் இருந்தன. கண் கூசும் வெயிலுக்கு அப்பால் ஒரே இருட்டுப் பச்சை. ஓர் ஆள் இல்லை. நம் ஜனங்களே கைவிட்டுவிட்டார்கள் என்று நினைத்தேன்.

செஞ்சியில் இறங்கி வீட்டுக்கு நடந்து வந்தேன். வாசலில் அம்மா கேட்டாள்: "ஜன்னல்ல ஒன்னப் பாத்தமே, கை கூட ஆட்டனோம். நீ ஏன் மூஞ்சத் திருப்பிக்கின?"

எங்கே நின்றீர்கள் என்றேன். எப்போதும்போலப் புளியமரத்துக்குக் கீழேதான் என்றாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் ஜனம் பிறந்ததிலிருந்து நிழலைவிட்டு நின்றதில்லை. நானும் முதல் இரண்டு நாள் அந்த மரத்தடியில்தான் நின்று, பஸ்காரனைத் திட்டியிருக்கிறேன்.

அன்று மாலை வீடுவீடாகப் போய்ச் சொன்னேன்: நாளைக்குத் தார் ரோட்டு ஓரத்தில், வெயிலில் நிற்கவேண்டும். யாரும் ஒப்பவில்லை. நிழலை வைத்துக்கொண்டு வெயிலில் நிற்பவன் பைத்தியக்காரன் என்றார்கள்.

"வெயில்ல நட்டு வெக்க நாங்க இன்னா மைல் கல்லாடி?" என்றாள் பெரியம்மா. "படிச்சவ சொல்றா, கேளுங்க. நாளைக்கு அடுப்புலயே ஒக்காரச் சொல்லுவா."

மறுநாள் மதியம் வழக்கம்போல எல்லாரும் புளியமரத்தடியில் கூடினார்கள். நான் மட்டும் ரோட்டோரம் போய் நின்றேன். தார் இளகிக் காலில் ஒட்டியது. பின்னால் சிரிப்புச் சத்தம். பிறகு அம்மா முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்றாள். அடுத்து வந்தது பெரியம்மாவேதான், கூடையைக் குடையாகக் கவிழ்த்துக்கொண்டு, என்னைத் திட்டிக்கொண்டே. அதற்குமேல் யார் நிழலில் நிற்பார்கள்? சாலையோரம் நெடுக ஆட்கள், கூடைகள், இரண்டு ஆடுகள்.

வளைவில் பஸ் வந்தது. டிரைவர் பிரேக் போட்ட சத்தத்தில் மலை திருப்பிக் கத்தியது.

செக்கர் படியில் இறங்கி நின்று பார்த்தார். "இத்தினி பேரும் இத்தினி நாளா எங்கம்மா இருந்தீங்க?"

"ராஜா காலத்துலேர்ந்து இங்கதான் இருக்கறோம்" என்றாள் பெரியம்மா. "நீதான் இன்னிக்கி வந்துகீற. நவுரு, ஏறணும்."

ஆடுகளை மட்டும் கண்டக்டர் ஏற்றவில்லை.

பயிற்சி தொடங்கிய நாளில் நைனா வேலைக்குத் தாமதமாகப் போனார். இன்னும் விடியவில்லை. வெளிச்சக் கண்களோடு பஸ் வந்து எங்கள் எதிரே நின்றது. யாரோ விருந்தாளியை உட்காரவைப்பதுபோல், நைனா ஜன்னலோர சீட்டைக் காட்டி உட்காரச் சொன்னார்.

எங்கே போகவேண்டும் என்று கண்டக்டர் கேட்டார். நான் வாய் திறப்பதற்குள், கீழே நின்ற நைனா பஸ் முழுக்கக் கேட்கும்படி சொன்னார்: "திண்டிவனம். டீச்சருக்குப் படிக்கப் போவுது."