அண்ணி கழுகான கதை

எங்கள் அண்ணி வாயை மூடியிருக்கும் நேரம் ஒன்றே ஒன்றுதான். உதட்டில் குண்டூசிகளைக் கவ்விக்கொண்டு துணி வெட்டும்போது. மற்ற நேரமெல்லாம் ஓயாது. சட்டை தைக்கக் கொடுப்பவர்கள் வீட்டு ரகசியத்தையும் சேர்த்துக் கொடுத்துவிட்டுப் போவார்கள். சட்டை குறித்த நாளில் கிடைக்கும், ரகசியம் அதற்கு முன்பே ஊர் முழுக்கக் கிடைத்திருக்கும். பேருந்து நிலையத்துக்குப் பின்னால், மாடிப்படிக்கு அடியில், ஒரு மெஷினும் ஒரு ஸ்டூலும் போட்ட கடை. இருபது வருடமாக அங்கேதான் இந்தக் கச்சேரி. என் அண்ணன் வாயில்லாப் பூச்சி. கல்யாணத்துக்கு முன்னால் அவரும் பேசிக்கொண்டுதான் இருந்தார்.

இப்பேர்ப்பட்ட அண்ணியைத்தான் நான் பறவை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். நான் அங்கே கூண்டு கழுவுகிறவன். ஒரு சூறைக்காற்றில் பெரிய மரம் ஒன்று சாய்ந்து, உச்சிக் கூட்டிலிருந்த பாம்புக் கழுகுக் குஞ்சு எங்களிடம் வந்து சேர்ந்திருந்தது. இந்தக் கழுகு போடுவதே ஒரு முட்டைதான். ஒற்றைப் பிள்ளை என்பதாலோ என்னவோ, பையனுக்கு முறைப்பு அதிகம்.

"மனுஷ முகத்தப் பாத்து, மனுஷக் குரலக் கேட்டு வளந்துச்சுன்னா நம்மளையே அப்பா அம்மான்னு நினைச்சுக்கும். அப்புறம் காட்டுக்கு விட முடியாது, ஆயுசுக்கும் கூண்டுதான். கழுகுத் தலை மாதிரி ஒரு கையுறை தைக்க ஆள் இருக்கா?" என்றார் டாக்டரம்மா.

அண்ணி இரண்டே நாளில் தைத்துக் கொண்டுவந்தார். பழுப்பு கேன்வாஸில் தலை, கறுப்பு லைனிங் துணியில் பிடரிக் கொண்டை, மழைக்கோட்டிலிருந்து பிய்த்த மஞ்சள் பட்டன்கள் கண். அதோடு போயிருக்கலாம். "தச்சவ கைக்குத்தான் அது சரியா பொருந்தும், நானே ஊட்டுறேன்" என்று உட்கார்ந்துவிட்டார்.

"அண்ணி, உள்ள ஒரு வார்த்த பேசக்கூடாது."

"எத்தன நாளைக்கு?"

"ரெண்டு மாசம்."

அண்ணி கொஞ்சம் யோசித்தார். பிறகு கைப்பையிலிருந்து நாலு குண்டூசியை எடுத்து உதட்டில் கவ்விக்கொண்டார்.

கூண்டை மறைத்த திரைக்கு இந்தப் பக்கம் நாங்கள், அதிலிருந்த ஓட்டைக்கு அந்தப் பக்கம் கையுறைக் கழுகு. அலகில் கறித்துண்டைக் கவ்விக்கொண்டு குஞ்சின் வாயருகே பவ்யமாக நீட்டும். குஞ்சு, சம்பந்தி வீட்டில் கோபித்துக்கொண்டவர் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொள்ளும். இரண்டு நாள் இப்படியே போனது. நாளைக்கும் தின்னாவிட்டால் பிழைக்காது என்று டாக்டரம்மா சொன்னபோது அண்ணியின் கண் கலங்கிவிட்டது.

மூன்றாம் நாள் காலை அண்ணி கடையிலிருந்து நேரே ஓடிவந்தார். அளவெடுக்கும் டேப் கழுத்திலேயே இருந்தது. நழுவாமலிருக்க முடிச்சுப் போட்டு மாட்டுவது அவர் வழக்கம். ஓட்டை வழியாகக் கையை விட்டுக் குனிந்தபோது டேப்பின் ஒரு முனை கூடவே உள்ளே போய், கையுறைக் கழுகின் அலகுக்குக் கீழே தொங்கியது. துவண்டு கிடந்த குஞ்சு துள்ளி எழுந்தது. டேப்பைக் காலால் மிதித்து, அலகால் கவ்வி, ஒரே இழுப்பு. அண்ணியின் முகம் திரையில் போய் ஒட்டிக்கொண்டது. நான் அவர் தோளைப் பிடித்துப் பின்னால் இழுத்தேன். குஞ்சு டேப்பை விடவில்லை, அண்ணி குண்டூசியை விடவில்லை. டாக்டரம்மா ஓடிவந்து முடிச்சை வெட்டினார்.

வெளியே வந்ததும் டாக்டரம்மா தலையில் அடித்துக்கொண்டு சிரித்தார். "அப்பா கழுகு பாம்பைத் தலையிலேர்ந்து முழுங்கிட்டுத்தான் கூட்டுக்கு வரும். வால் மட்டும் வாய்க்கு வெளிய தொங்கும். அதப் புடிச்சு இழுத்துதான் குஞ்சு தின்னும். படிச்ச எனக்கு இது தோணல பாருங்க அக்கா."

"அப்ப ஊட்டி விட்டா அதுக்கு மானக்கேடா இருந்திருக்கும்" என்றார் அண்ணி, கழுத்தைத் தடவிக்கொண்டே.

ஒரு மணி நேரத்தில் கையுறையின் தொண்டையைப் பிரித்து, முழுக்கைச் சட்டையின் கை போல உள்ளே ஒரு உறை வைத்துத் தைத்தார். நாடாவாக அறுத்த கறியை அதற்குள் திணித்து, நுனியை மட்டும் தொங்கவிட்டார். குஞ்சு பாய்ந்து கவ்வியது. சும்மா விட்டுவிடக் கூடாது, உள்ளே இரண்டு விரலால் இறுக்கிப் பிடிக்க வேண்டும். இழுத்து, சறுக்கி, மறுபடி இழுத்து, பையன் வென்று விழுங்கினான். அண்ணி வெளியே வந்து குண்டூசிகளை உள்ளங்கையில் துப்பிவிட்டு, நான் கழுவி வைத்த வாளிகளுக்கு நடுவே ஒரு ஆட்டம் போட்டார்.

அதன் பிறகு வண்டியில் அடிபட்ட சாரைப்பாம்புகளும் வரத் தொடங்கின. பாம்பென்றால் படையும் நடுங்கும் என்பார்கள். படத்தில் பாம்பைப் பார்த்தாலே ஸ்டூலில் ஏறி நிற்கிற அண்ணி, "இன்னிக்கு அரை மீட்டர் போதும் தம்பி, பையனுக்குப் பசி இல்ல" என்று வெட்டச் சொல்ல ஆரம்பித்தார். பகலெல்லாம் அடக்கி வைத்த பேச்சு சாயங்காலம் அண்ணன் தலையில் மொத்தமாக இறங்கியது.

இரண்டு மாதம் முடிந்து, பறந்து பழகும் பெரிய கூண்டிலும் சில வாரம் போனது. கடைசியாக ஒரு பரீட்சை. "அக்கா, நீங்க திரை இல்லாம உள்ள போய்ப் பேசணும். உங்க கிட்ட வந்துச்சுன்னா நாம தோத்தோம், அதக் காட்டுக்கு விட முடியாது" என்றார் டாக்டரம்மா.

கூண்டு வாசலில் அண்ணி என் காதோடு சொன்னார். "வந்துடுமோன்னு பயமா இருக்கு தம்பி. வராமப் போனாலும் எப்படித் தாங்குவேன்னு தெரியல." நான் கதவைத் திறந்துவிட்டேன்.

உள்ளே போனார். "தங்கம், நான்தான்டா உங்கப்பன். என் கையிலேர்ந்துதான்டா இத்தன நாள் தின்னே" என்று தொடங்கி, சேர்த்து வைத்ததையெல்லாம் கொட்டினார். கழுகு கொண்டையைச் சிலிர்த்தது. மஞ்சள் கண்ணால் ஒரு பார்வை. அடுத்த நொடி அலறிக்கொண்டு கூண்டின் கடைசி மூலைக்குப் பறந்து, அவரிடமிருந்து எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரத்தில் போய் ஒட்டிக்கொண்டது. அண்ணி ஒரு அடி எடுத்து வைத்தார். அது இன்னும் ஒடுங்கியது.

டாக்டரம்மா கயிற்றை இழுத்து மேற்கதவைத் திறந்தார். கழுகு வெளியேறி, இரண்டு வட்டம் போட்டு, சீழ்க்கை அடித்தபடி மரங்களுக்கு மேலே போயே போய்விட்டது.

அண்ணி தரையிலேயே உட்கார்ந்து, கண்ணீர் வழிய வழியச் சிரித்தார். சந்தோஷத்தில் அவருக்குத் தலைகால் புரியவில்லை. வீடு வந்து சேரும்வரை பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவர், நின்றவர், கண்டக்டர் என்று எல்லோரிடமும் ஒரே பேச்சுதான்.

"என் புள்ளைக்கு என்னை யாருன்னே தெரியலங்க."