தக்குது என்றேன்

காலையில் தின்ற வேர்க்கடலை மாலையில் அப்படியே வெளியே வந்தது. பள்ளிக்கூடம் விட்டு வந்து முகம் கழுவக் குனிந்தபோது குமட்டியது. தொட்டியடியில் உட்கார்ந்து வாந்தி எடுத்தேன். பருப்பும் தோலும் அடையாளம் தெரிந்தன. பகல் முழுக்க வயிற்றுக்குள் கிடந்த பொருள் இத்தனை புதிதாக இருக்கிறதே என்று அருவருப்பைவிட ஆச்சரியம்தான் அப்போது வந்தது.

என் கணவர் விஜயபுரம் பக்கத்தில் கடலையும் நெல்லும் பயிர் வைக்கிறவர். என்னை அவர் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, கேலியாக டீச்சரம்மா என்பார். எட்டிப் பார்த்துவிட்டு, "நம்ம கடலைக்கு உன் வயிறு புடிக்கல போலக்கீதே டீச்சரம்மா" என்றார். இருவரும் சிரித்தோம். இந்த நோயைப் பற்றி நாங்கள் சிரித்தது அன்றைக்கு மட்டும்தான்.

இதே நோயோடு இருப்பவர்களுக்காகவும், அவர்களைப் பார்த்துக்கொள்பவர்களுக்காகவும் எழுதுகிறேன். நல்ல சேதி தேடி வந்திருந்தால் மன்னியுங்கள், என்னிடம் இல்லை. ஒரு சொல்லால் நான் இழந்த மாதங்களை நீங்கள் இழக்காமல் இருந்தால் போதும்.

இரண்டு தோசை தின்றவள் ஒன்றோடு நிறுத்தினேன். பிறகு பாதி. நாலு வாய் சோற்றிலேயே விருந்து சாப்பிட்டதுபோல் அடைத்தது. வயிறு நிறைந்துவிட்டது என்று சொல்லி எழுந்துவிடுவேன். நம் பேச்சில் அது மகிழ்ச்சியான வார்த்தை, அதனால் வீட்டில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. மாலையானால் வயிறு முன்னே தள்ளிக்கொண்டு நிற்கும். உடன் வேலை பார்க்கும் ஆசிரியை ஒருத்தி, இந்த வயதில் இன்னொரு பிள்ளையா என்று காதோரம் கேட்டாள். எனக்கு அவளை அறையவேண்டும் போலிருந்தது.

எனக்குப் பல வருடமாகச் சர்க்கரை. இன்சுலின் போட்டுக்கொள்கிறேன். ஊசி நேரத்துக்குத் தன் வேலையைச் செய்தது. சோறு செய்யவில்லை. தின்றது இரத்தத்துக்குப் போகாமல் இரைப்பையிலேயே தூங்கியது, சர்க்கரை மளமளவென்று இறங்கியது. ஒருநாள் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தபோதே கை நடுங்கி, கண் இருட்டி, பிள்ளைகள் முன்னால் சரிந்தேன்.

சித்தூரில் ஒரு மருத்துவர் எண்டோஸ்கோபி (வாய்வழியாகக் குழாய் விட்டு இரைப்பையைப் பார்ப்பது) செய்தார். புண் இல்லை, அடைப்பு இல்லை. ஆனால் உள்ளே சோறு இருந்தது. வெறும் வயிற்றோடு வரச் சொன்னேனே, ஏன் சாப்பிட்டு வந்தீர்கள் என்று கடிந்துகொண்டார். முந்தின நாள் மத்தியானத்துக்குப் பிறகு பச்சைத் தண்ணீர்தான் குடித்தேன் என்றேன். அவர் நம்பவில்லை. வெளியே வராந்தாவில் உட்கார்ந்திருந்த என் கணவரைக் கூப்பிட்டுக் கேட்ட பிறகுதான் அவர் முகம் மாறியது.

அங்கிருந்து திருப்பதிக்கு அனுப்பினார்கள். மிகக் குறைந்த அளவு கதிரியக்கப் பொருள் கலந்த இட்லியைத் தின்னக் கொடுத்து, அது இரைப்பையைவிட்டு எப்போது கிளம்புகிறது என்று மணிக்கொரு தரம் படம் எடுத்தார்கள். கடைசிப் படத்திலும் இட்லியில் பெரும்பகுதி போட்ட இடத்திலேயே இருந்தது. காஸ்ட்ரோபரேசிஸ் (அடைப்பு எதுவும் இல்லாமலே இரைப்பை உணவைக் கீழே தள்ளாமல் தேங்கவைக்கும் நோய்) என்றார்கள். சர்க்கரை வேகஸ் நரம்பை (இரைப்பையை அசையச் சொல்லும் நரம்பை) கெடுத்துவிட்டதாம். வலி இல்லை, காய்ச்சல் இல்லை. என் வயிறு வேலைநிறுத்தம் செய்துவிட்டது, அவ்வளவுதான்.

மாத்திரை கொடுத்தார்கள். குழைந்த சோறு, எண்ணெய் குறைவு, கீரையும் கடலையும் கூடாது, கொஞ்சம் கொஞ்சமாகப் பலமுறை சாப்பிடவேண்டும். கொஞ்ச நாளில் வாந்தி சற்று நின்றது. ஆனால் வயிற்றில் கல்லைக் கட்டியதுபோல் பாரம். அந்த நிலையில்தான் மறுபடி திருப்பதிக்குக் காட்டப் போனோம்.

இங்கே எங்கள் ஊரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். எல்லை பிரித்தபோது திருத்தணி தமிழ்நாட்டுப் பக்கம் போனது, நாங்கள் ஆந்திராவில் நின்றோம். வீட்டில் தமிழ், ஆபீசில் தெலுங்கு. என் கணவர் சந்தையில் தெலுங்கிலேயே சண்டை போடுவார். நான் தமிழ் மீடியத்தில் படித்து, தமிழ் மீடியத்திலேயே தமிழ் சொல்லிக்கொடுத்தவள். என் தெலுங்கு காய்கறி வாங்கப் போதும். அதில் எனக்கு ஒரு கர்வம்கூட இருந்தது.

அன்று என் கணவர் மருந்துக்கடை வரிசையில் நின்றார். என் பெயரைக் கூப்பிட்டார்கள், தனியாக உள்ளே போனேன். மருத்துவர் இளைஞர், வெளியே கூட்டம் நெரிந்தது. தலை நிமிராமல் கேட்டார்: "தக்குதுந்தா அம்மா?"

"தக்குது சார்" என்றேன்.

"பாகா தக்குதுந்தா?"

பாகா என்றால் நன்றாக என்று எனக்குத் தெரியும். "நல்லாவே தக்குது சார். துன்னது அப்படியே தக்குது."

அவர் புன்னகைத்தார். ஏதோ எழுதினார். மாத்திரையைப் பாதியாக்கி, நாலு மாதம் கழித்து வரச் சொன்னார்.

எங்கள் பக்கம் தக்குது என்றால் உள்ளே தங்குகிறது, நிற்கிறது என்று பொருள். கரு தக்கியது என்போம், குடித்த கஞ்சி தக்கவில்லை என்போம். தெலுங்கில் அதே ஓசைக்குக் குறைகிறது என்று பொருள். காதுக்கு அங்கே கொஞ்சம் மென்மை, இங்கே கொஞ்சம் வன்மை, அவ்வளவுதான் வித்தியாசம். தமிழில் எழுதிப் பாருங்கள், இரண்டும் ஒரே எழுத்து. நோய் குறைகிறதா என்று அவர் கேட்டார். சோறு வயிற்றில் நிற்கிறதா என்று என் காதில் விழுந்தது. நிற்கிறது என்று நான் சொன்னேன். குறைகிறது என்று அவர் எழுதிக்கொண்டார்.

இதில் இன்னொரு கொடுமையும் உண்டு. சோறு நிற்பதே எனக்கு நல்ல சேதியாகத் தெரிந்தது. வாந்தி வரவில்லையே, உள்ளே போனது உள்ளே இருக்கிறதே என்று சந்தோஷமாகத்தான் சொன்னேன். உள்ளே நிற்பதுதான் நோய் என்று எனக்குப் புரிந்திருக்கவில்லை.

பாதி மாத்திரையில் அந்த மாதங்கள் கழிந்தன. வாந்தி திரும்பி வந்தது. முதல் நாள் தின்றது மறுநாள் வந்தது. மருத்துவரே முன்னேற்றம் என்று சொல்லியிருக்கும்போது நாம்தான் தைரியமாக இருக்கவேண்டும் என்று இருந்தேன். ஜாக்கெட்டுகளைப் பிடித்துத் தைத்தேன், மறுபடி பிடித்தேன். வளையல் முழங்கைவரை ஏறியது. படியேற முடியாமல் போனபோது என் கணவர் என்னைத் தூக்கிக்கொண்டு போய்க் காரில் வைத்தார். கடலை மூட்டையைத் தோளில் ஏற்றுகிறவர், என்னை ஒரு கையில் தாங்கிக்கொண்டே மறுகையால் கார்க் கதவைத் திறந்தார்.

இந்தமுறை பார்த்தது ஒரு பெண் மருத்துவர். சித்தூர்க்காரர், தமிழ் பேசினார். கேள்விகளை ஒவ்வொன்றாகக் கேட்டார். இரண்டு வாரமாகக் குமட்டல் எப்படி? வெறும் ஓங்கரிப்பு? வாந்தி? சாப்பாட்டை முடிக்க முடியாமல் போகிறதா? முடித்தபின் அளவுக்கு மீறி நிறைந்ததுபோல் இருக்கிறதா? பசியே எடுக்காமல் இருக்கிறதா? உப்பல்? வயிறு வெளியே பெரிதாகத் தெரிகிறதா? தொல்லை கூடக் கூட மதிப்பெண் கூடும்படி, ஒவ்வொன்றுக்கும் பூஜ்யத்திலிருந்து ஐந்துவரை போடச் சொன்னார். ஆயுளெல்லாம் மதிப்பெண் போட்ட எனக்கு அன்று கை ஓடவில்லை. எதற்கும் மூன்றுக்குக் கீழே போட முடியவில்லை.

பழைய சீட்டைப் பார்த்தவர், "போன தடவ நல்லா கொறஞ்சிகினு வருதுன்னு சொல்லிக்கிறீங்களேம்மா" என்றார்.

"நான் எங்க அப்படிச் சொன்னேன்? துன்னது தக்குதுன்னுதான் சொன்னேன்."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். அவருக்கு உடனே புரிந்துவிட்டது. எனக்குப் புரிய இன்னும் சில நொடி பிடித்தது. பின்னால் நின்றிருந்த என் கணவர் சுவரில் சாய்ந்து, "நான் கூட இருந்திருந்தா" என்றார். அந்த வாக்கியத்தை அவர் இன்றுவரை முடிக்கவில்லை.

தீவிரத்தை எப்படி அளப்பது என்று அந்த மருத்துவர்தான் விளக்கினார். ஸ்கேனில் எவ்வளவு தேங்குகிறது என்பது ஒரு பக்கம். அது அதிகமிருந்தும் நடமாடுகிறவர்கள் உண்டு, குறைவாக இருந்தும் படுத்துவிடுகிறவர்கள் உண்டு. சோற்றை மாற்றினாலே அடங்குவது லேசானது. மருந்து தின்று எடை குறையாமல் ஓட்டுவது நடுத்தரம். மருந்துக்கும் அடங்காமல், வாய்வழியாக உடம்பைக் காப்பாற்ற முடியாமல் போவது மூன்றாவது. நான் மூன்றாவதில் இருந்தேன். முன்பே சொல்லியிருந்தால் இரண்டாவதில் நின்றிருப்பேனா என்று கேட்டேன். சொல்ல முடியாது என்றார். ஆமாம் என்று அவர் சொல்லியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். இந்தச் சொல்ல முடியாது என்பதைத்தான் தாங்க முடியவில்லை.

ஆகவே, உங்களிடம் கேட்டால் ஒற்றைச் சொல்லில் பதில் சொல்லாதீர்கள். குறைகிறது, பரவாயில்லை, நிறைந்துவிட்டது என்ற எதையும் நம்பாதீர்கள். எத்தனை வாய் தின்றீர்கள், எப்போது தின்றது எப்போது வெளியே வந்தது, பாவாடை நாடா எங்கே இறுகுகிறது, எடை எவ்வளவு இறங்கியது என்று சொல்லுங்கள். எந்த மொழியிலும் அது வேறு பொருள் தராது.

வயிற்றின் பக்கவாட்டில் துளையிட்டு ஜெஜுனம்வரை (சிறுகுடலின் நடுப்பகுதிவரை) குழாய் வைத்தார்கள். இரைப்பையைத் தாண்டி அதன் வழியே மாவுப்பால் இறங்குகிறது. மெலிவது நின்றது. குமட்டல் நிற்கவில்லை. ருசிக்காக இரண்டு கரண்டி கஞ்சி குடிக்கலாம் என்றார்கள், அதுவும் சில நாள் திரும்பி வருகிறது. வேலையை விட்டுவிட்டேன். குழாய் எடுக்கும் நாளைப் பற்றி யாரும் பேசுவதில்லை, நானும் கேட்பதை நிறுத்திவிட்டேன்.

சாப்பாடு போனால் நாளும் போய்விடுகிறது என்று முன்பு தெரியாது. காலை, மத்தியானம், ராத்திரி எல்லாம் சோற்றை வைத்து உண்டானவை. எனக்கு இப்போது ஒரே நீட்டம்தான். பசி வந்து எதையும் தொடங்குவதில்லை, வயிறு நிறைந்து எதுவும் முடிவதில்லை. இந்த உடம்பு என்னுடையதுதானா என்று சில நேரம் குழாயைத் தொட்டுப் பார்த்துக்கொள்கிறேன். எனக்கு நம்பிக்கை இல்லை. இருப்பதுபோல் நடிக்கவும் தெம்பில்லை.

என் கணவர் என் எதிரில் சாப்பிடுவதில்லை. மாட்டுக்கொட்டகைப் பக்கம் தட்டை எடுத்துப்போய் நின்றபடியே அள்ளிப் போட்டுக்கொள்கிறார் என்று சமீபத்தில்தான் கவனித்தேன். கூப்பிட்டேன். "இங்க என் பக்கத்துல குந்திகினு துன்னுங்க. எனக்குப் பாக்கணும்."

தயங்கி வந்து உட்கார்ந்தார். களியை உருட்டிக் குழம்பில் தோய்த்தார். எங்களுக்குக் கல்யாணமான நாளிலிருந்து முதல் கவளத்தை என் பக்கம் நீட்டிவிட்டுத்தான் அவர் தின்பார். கை தன்னால் நீண்டுவிட்டது. நீண்ட பிறகுதான் அவருக்கு நினைவு வந்தது. கையை இழுத்துக்கொள்ளவும் முடியாமல் அப்படியே இருந்தார். குழம்பு மணத்தது.

"நேத்து குடிச்ச கஞ்சியே இன்னும் உள்ளாற கீது" என்றேன். "நீங்க துன்னுங்க."

அவர் அந்தக் கவளத்தை வாயில் போட்டுக்கொண்டார். அதை விழுங்க அவருக்கு வெகுநேரம் ஆனது.